இரண்டு கையெழுத்தில் ஒன்று இல்லாதபோது

வங்கிக் கிளைக்குப் புதிதாக வந்து சேரும் அதிகாரிகளிடம் ஒரு கேள்வி கேட்பது, ஓய்வுக்கு முந்தைய சில மாதங்களில் என் வழக்கமாக இருந்தது. "ரெண்டு பேர் கூட்டா நடத்துற நிறுவனம். அதுல ஒருத்தர் இறந்துட்டார்னு செய்தி வருது. என்ன செய்வீங்க?"

எல்லாரும் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள். "கணக்கை நிறுத்திடுவோம் மேடம்."

சரியான பதில். தேர்வில் எழுதினால் முழு மதிப்பெண். "நிறுத்திட்டீங்க. அப்புறம்?" என்று கேட்டால் பெரும்பாலும் பேச்சு நின்றுவிடும். கொஞ்சம் துணிச்சலானவர்கள், "மண்டல அலுவலகத்துக்கு எழுதுவோம்" என்பார்கள். அவர்களைக் குறை சொல்ல மாட்டேன். நானும் அந்த வயதில் அதையேதான் சொல்லியிருப்பேன். அந்த 'அப்புறம்' என்ன என்பது எனக்கே பணியின் கடைசிக் கட்டத்தில், ஓசூரில்தான் தெரிந்தது. வங்கிப் பணிக்குப் புதிதாக வந்திருக்கும் நீங்கள் கேட்டதால் அதை எழுதுகிறேன்.

நான் ஊத்தங்கரைப் பக்கத்துக்காரி. எழுத்தராகச் சேர்ந்து, பல ஊர்களில் வேலை பார்த்து, கடைசியில் ஓசூரில் ஒரு கிளைக்கு மேலாளராக வந்தேன். ஓய்வுக்கு அதிக மாதங்கள் இல்லை. அந்த நேரத்தில் நம்மில் யாரும் புதிதாக ஒரு வம்பை விரும்புவதில்லை. கோப்புகளில் ஒரு கேள்விக்குறி இல்லாமல் வீட்டுக்குப் போனால் போதும் என்றுதான் இருக்கும்.

கிளையின் வாடிக்கையாளர்களில் பாதிப்பேர் சின்னப் பட்டறைக்காரர்கள். பெரிய வாகனத் தொழிற்சாலைகளுக்குப் பாகங்கள் கடைந்து கொடுப்பவர்கள். அவர்களில் நாகராஜ், செல்வம் என்று இரண்டு கூட்டாளிகள். நாகராஜ் பாகலூர்க்காரர். வீட்டில் தெலுங்கு, சந்தையில் கன்னடம், எங்களிடம் தமிழ். செல்வம் விருதுநகர்ப் பக்கம். ஐ.டி.ஐ. முடித்துவிட்டு வேலை தேடி ஓசூருக்கு வந்தவர். ஒரே தொழிற்சாலையில் ஒரே ஷிப்டில் வேலை பார்த்த பழக்கத்தில் இருவரும் வெளியே வந்து, பாகலூர் ரோட்டில் நாகராஜின் குடும்ப இடத்தில் பட்டறை போட்டார்கள். இயந்திரங்களைப் பார்த்துக்கொள்வது செல்வம். ஆர்டர் பிடிப்பது, பெங்களூருக்கு ஓடுவது, எங்களிடம் வந்து வட்டிக்காகச் சண்டை போடுவது எல்லாம் நாகராஜ். செல்வம் என் அறைக்கு வந்தால் நாற்காலியில் உட்காரமாட்டார். சட்டையில் எண்ணெய் இருக்கிறது என்பார்.

அவர்களுக்கு எங்களிடம் இரண்டு கணக்குகள். ஒன்று நடப்புக் கணக்கு. வரவு செலவெல்லாம் அதில்தான். இன்னொன்று கடன் கணக்கு. அதற்கு ஈடாக இருந்தது நாகராஜின் அண்ணன் வெங்கடப்பாவின் விவசாய நிலம். தம்பிக்காக அவர் ஜாமீன் கையெழுத்தும் போட்டிருந்தார். பணம் வெளியே போவதென்றால் கூட்டாளிகள் இருவரும் சம்மதிக்க வேண்டும். காசோலை என்றால் இரண்டு கையெழுத்து. நெட் பேங்கிங் என்றால் செல்வம் தன் போனில் விவரங்களைப் பதிவு செய்வார், நாகராஜ் தன் போனில் அனுமதி கொடுப்பார். அப்போதுதான் பணம் போகும்.

ஒருநாள் காலையில் கிளை திறந்ததும் செல்வம் நேராக என் அறைக்குள் வந்தார். அன்று சொல்லாமலே நாற்காலியில் உட்கார்ந்தார். சவரம் செய்யாத முகம். சட்டைப் பையிலிருந்து ஒரு போனை எடுத்து என் மேசைமேல் வைத்தார்.

"நாகராஜ் போயிட்டான் மேடம்."

எனக்கு முதலில் புரியவில்லை. பெங்களூருக்கா என்று கேட்க வாயெடுத்தேன். அவர் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டேன்.

பெங்களூரிலிருந்து திரும்பி வரும்போது அத்திப்பள்ளியில் நெஞ்சு வலிக்கிறது என்று வண்டியை ஓரம் கட்டியிருக்கிறார். செல்வத்துக்குத்தான் போன் செய்திருக்கிறார். செல்வம் போய் ஓசூர் ஆஸ்பத்திரியில் சேர்ப்பதற்குள் முடிந்துவிட்டது. முந்தின நாள் பாகலூரில் அடக்கம். ஆஸ்பத்திரியில் நர்ஸ் எடுத்துக் கொடுத்த போன் செல்வத்தின் சட்டைப் பையிலேயே தங்கிவிட்டது.

"அடக்கத்துலயே அவுக அண்ணன் எங்கிட்ட சத்தம் போட்டுட்டாரு மேடம். 'பட்டறை, பட்டறைன்னு ராத்திரி பகலா ஓடவிட்டு என் தம்பியைக் கொன்னுட்டே'ன்னு. நான் ஒண்ணும் பேசல. என்ன பேச? காலையில பட்டறைக்குப் போனா கேட்டுல அவரு போட்ட பூட்டு தொங்குது. பாதி கடைஞ்ச பீஸ் எல்லாம் மெஷின்லயே நிக்குது. ஆளுக வெளிய நிக்காக. சம்பள நாள் வருது."

போனை என் பக்கம் நகர்த்தினார். பிறகு சொன்னார்:

"இதைத் திறக்கிற நம்பர் எனக்குத் தெரியும் மேடம். சம்பளத்தை என் போன்ல ஏத்திட்டு, இதுல ஒரு தட்டு தட்டினா போயிரும். அவன் இருந்தா அதைத்தான் செஞ்சிருப்பான். தட்டலாமா?"

நான் உங்களிடம் அழுத்திச் சொல்ல விரும்புவது இந்த இடம்தான். அந்த நிமிடம் வரை அவர் இறந்தது எங்களுக்குத் தெரியாது. அந்த மனிதர் காலையில் தேநீர்க் கடையில் நின்றுகொண்டே சம்பளத்தை அனுப்பிவிட்டு, அதற்கப்புறம் வந்து செய்தி சொல்லியிருக்கலாம். கணக்கையே காலி செய்துவிட்டும் வந்திருக்கலாம். செய்யவில்லை. கேட்பதற்காக வந்திருந்தார்.

"கூடாது செல்வம்," என்றேன். "நாகராஜ் போட வேண்டிய அனுமதியை வேற யாரும் போட முடியாது. நல்ல காரியத்துக்கானாலும் முடியாது. இப்ப நீங்க சொல்லிட்டீங்க, எனக்குத் தெரிஞ்சுபோச்சு. ரெண்டு கணக்கையும் நான் நிறுத்தித்தான் ஆகணும்."

"நிறுத்திருங்க," என்றார். "ஆனா ஆளுகளுக்கு என்ன சொல்லட்டும்?"

போனை நான் வாங்கிக்கொள்ள முடியாது, நாகராஜின் மனைவியிடம்தான் கொடுக்க வேண்டும் என்று மட்டும் சொன்னேன். "என்னை வாசல்லயே நிப்பாட்டிருவாக மேடம்," என்று சொல்லி, போனை அணைத்துப் பையில் போட்டுக்கொண்டு எழுந்து போனார். அவர் படி இறங்குவதற்குள் இரண்டு கணக்குகளிலும் பணம் எடுக்க முடியாதபடி நிறுத்திவைத்தோம்.

நண்பகலில் வெங்கடப்பா வந்தார். உயரமான மனிதர், வேட்டி, தோளில் துண்டு. உட்காரச் சொல்லியும் உட்காரவில்லை. கையில் ஒரு மனு. யாரையோ விட்டு எழுதி வாங்கியிருந்தார்.

"என் தம்பி கணக்குலேர்ந்து அந்த ஆளுக்கு ஒரு ரூவா போகக் கூடாது மேடம். போச்சுன்னா நான் சும்மா இருக்கமாட்டேன். கோர்ட்டுக்குப் போவேன்."

"இப்போதைக்கு நிறுத்தித்தான் வெச்சிருக்கோம்," என்றேன்.

"இப்போதைக்கு இல்ல. எப்பவும்."

மனுவை வாங்கி முத்திரை போட்டுக் கொடுத்தேன். அவர் போன பிறகு அதைப் படித்தேன். நம் வழக்கமான புத்தி என்ன சொல்லும்? வாரிசுத் தரப்பில் தகராறு. நீதிமன்ற உத்தரவு வரும்வரை கணக்கைத் தொடக்கூடாது. கோப்பில் எழுதிவைத்துவிட்டால் நம்மை ஒருவரும் எதுவும் கேட்க முடியாது. நம்முடைய பாதுகாப்பு அப்போதே முழுமையாகிவிடும். நான் ஓய்வு பெற்றுப் போயிருப்பேன். அந்தக் கோப்பு அடுத்தவர் மேசையில் கிடந்திருக்கும்.

அவர்களுடைய கூட்டு ஒப்பந்தப் பத்திரத்தை எடுத்துப் பார்த்தேன். ஒருவர் இறந்தால் நிறுவனம் தொடருமா என்பதற்கு அதில் ஒரு வரி கூட இல்லை. நல்ல நாளில் கூட்டுச் சேருகிறவர்கள் சாவைப் பற்றி எழுதுவதில்லை. அப்படி ஒன்றும் சொல்லாவிட்டால் நிறுவனம் அன்றோடு கலைந்தது என்றுதான் சட்டத்தில் அர்த்தம். ஆனால் அதே சட்டம் இன்னொன்றும் சொல்கிறது. உயிரோடு இருக்கும் கூட்டாளி, பாதியில் நிற்கும் வேலையை முடிக்கலாம். வர வேண்டியதை வாங்கலாம். கொடுக்க வேண்டியதைக் கொடுக்கலாம். கலைக்கிற வேலை முடியும்வரை அந்த அதிகாரம் அவருக்கு உண்டு. புதிதாகக் கடன் வாங்கவோ, புது வியாபாரம் தொடங்கவோ கிடையாது. வேலை செய்துவிட்டுச் சம்பளத்துக்குக் காத்திருப்பவர்களின் பாக்கி, கொடுக்க வேண்டியது என்பதில்தான் வருகிறது.

ஆக, செல்வத்தின் ஒற்றைக் கையெழுத்தை நான் ஏற்கலாம். ஏற்கலாம் என்பது வேறு, வெங்கடப்பாவின் மனு மேசையில் இருக்கும்போது ஏற்பது வேறு. அதுவுமில்லாமல் ஏற்றுத்தான் என்ன பயன்? கேட்டில் பூட்டு அப்படியே இருக்கும். பாதி கடைந்த இரும்பை எந்தத் தொழிற்சாலையும் வாங்காது.

மறுநாள் இன்னொரு சிக்கல் சேர்ந்தது. முன்பு அனுப்பிய பாகங்களுக்கான பணம் தொழிற்சாலையிலிருந்து நடப்புக் கணக்கில் வந்து விழுந்தது. சற்று நேரத்தில் மண்டல அலுவலகத்திலிருந்து கடன் பிரிவைக் கவனிக்கும் அதிகாரி அழைத்தார். கெட்டவர் இல்லை. தன் வேலையைச் செய்பவர்.

"மேடம், பணம் வந்திருக்கு பாருங்க. அப்படியே கடன் கணக்குக்கு மாத்திடுங்க. நமக்கு அந்த உரிமை இருக்கு. பார்ட்னர் இறந்துட்டார், பட்டறை பூட்டியிருக்கு. இதைவிட்டா அடுத்து எப்ப வரும்னு தெரியாது."

"மாத்தினா கடன்ல ஒரு பகுதிதான் சார் தீரும். மீதி?"

"மீதிக்கு நிலம் இருக்கே."

"சார், உள்ளே ஒரு ஆர்டர் பாதியில நிக்குது. அதை முடிச்சா வர்ற பணத்துல கடன்ல பெரும்பகுதி தீரும். ஆளுங்களுக்குச் சம்பளம் போகலைன்னா யார் வந்து முடிப்பாங்க? அவங்க பாதிப்பேர் தென்மாவட்டம், மீதி வடமாநிலம். பஸ் ஏறிட்டா திரும்ப வரமாட்டாங்க."

"கேட்டைத் திறக்கமாட்டேங்கிறாரே அந்தப் பெரியவர்?"

"ரெண்டு நாள் கொடுங்க."

"எழுத்துல அனுப்புங்க. நீங்கதான் வேணாம்னு சொன்னீங்கன்னு பதிவாகணும். ரிட்டையர் ஆகப்போற நேரம் மேடம், யோசிச்சுக்கோங்க."

யோசித்தேன். பொய் சொல்ல மாட்டேன், பயந்தேன். பணி முடியும் நாளில் ஒரு குற்றச்சாட்டுக் கடிதம் கையில் வந்தால் ஓய்வுக்காலப் பணம் நின்றுபோகும் என்று எல்லாருக்கும் தெரியும். ஆனாலும் எழுதி அனுப்பினேன். எழுதும்போது கருணை, மனிதாபிமானம் என்ற சொற்களை ஒரு இடத்திலும் போடவில்லை. பணத்தை இப்போது எடுத்தால் வங்கிக்கு எவ்வளவு கிடைக்கும், ஆர்டர் முடிந்தால் எவ்வளவு கிடைக்கும் என்பதை மட்டும் எழுதினேன். உங்கள் மனத்தில் இரக்கம் இருக்கட்டும். உங்கள் கடிதத்தில் காரணம் இருக்க வேண்டும்.

பிறகு செல்வத்துக்கு போன் செய்தேன். "வாங்க, பாகலூர் போகலாம். அந்த போனைக் கொண்டு வாங்க."

துணை மேலாளர் பதறினார். "துக்க வீடு மேடம். அங்க போய் பேங்க் பேச்சு பேசினா என்ன நினைப்பாங்க?"

"பேசப் போகலை. பார்க்கப் போறேன்," என்றேன். பையைக்கூட எடுத்துக்கொள்ளவில்லை. படிவம் கிடிவம் எதுவும் இல்லாமல் போனதுதான் அன்று நான் செய்த புத்திசாலித்தனம் என்று இப்போதும் நினைக்கிறேன். கையில் காகிதத்தோடு உள்ளே நுழைகிறவரை அந்த வீடு வேறு மாதிரி பார்த்திருக்கும்.

நாகராஜின் வீடு தோட்டத்துக்குள் இருந்தது. பக்கத்தில் ரோஜா பயிரிட்ட பசுமைக்குடில். செல்வம் கேட்டுக்கு வெளியே காரிலேயே உட்கார்ந்துவிட்டார். நான் மட்டும் உள்ளே போனேன். வெங்கடப்பா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். என்னைப் பார்த்ததும் எழுந்தார்.

"துட்டு விசயமா வந்தீங்களா?"

"இல்லீங்க. நாகராஜ் எங்க கிளைக்கு எத்தனையோ வருஷமா வந்து போனவரு. வீட்டுல ஒரு வார்த்தை கேட்டுட்டுப் போகலாம்னு வந்தேன்."

அவர் வழிவிட்டார். நாகராஜின் மனைவி சாந்தம்மா உள்ளே பாயில் உட்கார்ந்திருந்தார். பக்கத்தில் பள்ளிக்கூடம் படிக்கும் மகள். சாந்தம்மாவுக்குத் தெலுங்குதான் சரளமாக வரும். எனக்குத் தெலுங்கு புரியும், பேசத் தடுமாறும். அவர் அவர் மொழியிலும் நான் என் மொழியிலும் பேசிக்கொண்டோம். அந்தப் பக்கத்தில் அது ஒன்றும் அதிசயமில்லை. கொஞ்ச நேரம் கழித்து அவரே தமிழுக்கு மாறிக் கேட்டார்.

"செல்வம் தம்பி ஏன் வர்ல? அடக்கத்தப்ப பாத்தது. அப்புறம் ஆளையே காணோம்."

நான் வெங்கடப்பாவைப் பார்த்தேன். அவர் வாசல் பக்கம் திரும்பிக்கொண்டார்.

"வந்திருக்காரும்மா. வெளியே கார்ல இருக்கார்."

சாந்தம்மா மகளிடம் ஏதோ சொன்னார். அந்தப் பெண் எழுந்து ஓடினாள். செல்வம் வந்து, நிலைப்படிக்கு வெளியிலேயே நின்றார். வெங்கடப்பா போ என்றும் சொல்லவில்லை, வா என்றும் சொல்லவில்லை. சாந்தம்மாதான், "உள்ள வா தம்பி," என்றார்.

செல்வம் போனை எடுத்து அவர் முன்னால் வைத்தார். "மதினி, ஆஸ்பத்திரியில கொடுத்தாக. எங்கிட்டயே தங்கிருச்சு. மன்னிச்சிருங்க."

சாந்தம்மா அதைக் கையில் எடுத்து ஆன் செய்தார். உயிர் வந்ததும் எண் கேட்டது. அவர் விழித்தார். அவருக்கு அது தெரியாது.

"உங்க கல்யாண வருசம் மதினி," என்றார் செல்வம்.

அந்த அம்மா அதுவரை அழுது ஓய்ந்துபோயிருந்தார் போல. அதைக் கேட்டு மறுபடி உடைந்துவிட்டார். செல்வமும் சுவரில் சாய்ந்து அழுதார். நானும் வெங்கடப்பாவும் வெளியே வந்து நின்றோம். அங்கே நமக்கு வேலை இல்லை.

வெளியில் நின்றபோது ஒரு விஷயம் தோன்றியது. இரண்டு நாளாக இந்த மனிதர் எனக்கு ஒரு மனுவாகத்தான் தெரிந்திருந்தார். அவர் ஏன் இப்படிக் கத்துகிறார் என்று நானும் கேட்கவில்லை, யாரும் கேட்கவில்லை.

"ஐயா, ஒண்ணு கேக்கலாமா? பணம் போகக் கூடாதுன்னு சொல்றீங்களே, போனா உங்களுக்கு என்ன ஆகும்னு நினைக்கிறீங்க?"

அவர் கையை நீட்டி வேலிக்கு அந்தப் பக்கம் காட்டினார். முட்டைக்கோஸ் போட்டிருந்த வயல்.

"அது தெரியுதா? அந்த நெலத்துப் பத்திரம் உங்ககிட்ட இருக்குது மேடம். எனக்கு ரெண்டு பசங்க, அது ஒண்ணுதான் சொத்து. தம்பி கேட்டான், குடுத்தேன். தம்பி இருந்த வரைக்கும் தூங்கினேன். இப்ப அந்த ஆளு ஒருத்தரே கையெழுத்துப் போட்டுக் கடன் வாங்கிக்கினே போனா? விருதுநகர்க்காரன், நாளைக்கு மூட்டை கட்டிக்கினு ஊருக்குப் போயிட்டா? வந்து நெலத்துல நிக்கப்போறது நீங்கதானே?"

அவர் கேட்டது முழுக்க நியாயம். நான் நிதானமாகச் சொன்னேன்.

"உங்க ஜாமீன், உங்க தம்பி இருந்த நாள் வரைக்கும் வாங்கின கடனுக்குத்தான். கூட்டாளி இறந்ததும் கூட்டு மாறிப்போச்சு. அதுக்கு மேல யார் எது வாங்கினாலும் உங்க நிலத்தைத் தொடாது. அந்தக் கடன் கணக்கை அன்னிக்கு இருந்த தொகையிலேயே நிறுத்திட்டேன். அதுல பணம் கட்டலாம், எடுக்க முடியாது. இனி அது குறையுமே தவிர, நீங்க ஜாமீன் போட்ட கடன் பெருகாது. வட்டி ஓடும், அதை மறைக்கமாட்டேன். வட்டி ஓடாம இருக்கணும்னா சீக்கிரம் அடைக்கணும். அடைக்கிறதுக்கு வழி அந்தப் பட்டறைக்குள்ளதான் இருக்கு."

"இன்னொரு தடவ சொல்லுங்க," என்றார்.

இன்னொரு தடவை சொன்னேன்.

"எழுதிக் குடுப்பீங்களா?"

"கொடுப்பேன்."

"அப்ப செல்வம் கையெழுத்துல எந்தத் துட்டு போகும்?"

"நடப்புக் கணக்குல இருக்கிற பணம் மட்டும். ஏற்கெனவே செஞ்ச வேலைக்கான பாக்கி, ஆளுங்க சம்பளம், இந்த ஆர்டரை முடிக்கத் தேவையான செலவு. அவ்வளவுதான். புதுசா ஒண்ணும் கிடையாது. ஒவ்வொரு தடவை பணம் போகும்போதும் சாந்தம்மாவுக்கு மெசேஜ் போற மாதிரி பண்ணிடறேன். செல்வம் சம்மதிப்பார்."

அவர் வயலைப் பார்த்துக்கொண்டே நின்றார். "இத முதல் நாளே சொல்லியிருந்தா நான் ஏன் மேடம் பூட்டு போடறேன்?" என்றார்.

உண்மைதான். அவர் முதல் நாள் வந்தபோது நான் முத்திரை போட்டுக் கொடுத்ததோடு சரி.

அடுத்த நாள் நான் சொன்னதெல்லாம் வங்கியின் தாளில் எழுதி அவரிடம் கொடுத்தேன். அனுப்புவதற்கு முன் மண்டல அலுவலகத்தின் சட்ட அதிகாரியிடம் படித்துக் காட்டி ஒப்புதல் வாங்கினேன். வாய்வார்த்தை எவ்வளவு நல்லதாக இருந்தாலும், எழுதும்போது நாம் தனி ஆள் இல்லை. சாந்தம்மா தன் சார்பிலும் மகள் சார்பிலும் சம்மதக் கடிதம் கொடுத்தார். செல்வத்தின் ஒற்றைக் கையெழுத்தில் நடப்புக் கணக்கு நடக்கத் தொடங்கியது. வெங்கடப்பா கேட்டைத் திறந்துவிட்டார். திறந்தவர் வீட்டுக்குப் போய்விடுவார் என்று நினைத்தேன். தினமும் வந்து பட்டறை வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தாராம். செல்வம் சிரித்துக்கொண்டே சொன்னார்: "முதல்ல எங்களைக் காவல் காத்தாரு மேடம். ஒரு வாரத்துல டெம்போவை ரிவர்ஸ் எடுக்கச் சொல்லிக் குடுக்காரு."

சம்பளம் போனது. ஆட்கள் ஒருவரும் பஸ் ஏறவில்லை. நடுவில் ஒரு இரும்பு வியாபாரி, நாகராஜ் வாய்வார்த்தையாகச் சொல்லி வாங்கிய சரக்கு என்று ஒரு பாக்கியோடு வந்தார்; செல்வம் அதில் ஒரு பகுதியைக் கொடுத்தார். சாந்தம்மா மெசேஜைப் பார்த்துவிட்டு என்னையே அழைத்து, "இது யாரு? எங்க வூட்டுக்காரரு இவரப் பத்தி சொன்னதே இல்லையே," என்று கேட்டார். செல்வத்தையும் வியாபாரியையும் சேர்த்து உட்காரவைத்துப் பேசி, சரக்கு உண்மையாகவே பட்டறைக்குள் இருப்பதைப் பார்த்த பிறகுதான் அடுத்த காசோலைக்குச் சரி சொன்னார். நான் அதில் தலையிடவில்லை. அவர்கள் தங்களுக்குள் பேசிக்கொள்ள ஆரம்பித்துவிட்டால் வங்கிக்காரர் பின்னால் நகர்ந்துவிட வேண்டும்.

ஆர்டர் முடிந்தது. அந்தப் பணமும், ஒரு பழைய இயந்திரத்தை விற்ற பணமும் சேர்ந்து கடன் அடைந்தது. மண்டல அலுவலகத்து அதிகாரி எனக்கு நன்றி சொல்லவில்லை. குறையும் சொல்லவில்லை. நம் வேலையில் அதைப் பாராட்டாக எடுத்துக்கொள்ளலாம்.

எல்லாம் இனிதாக முடிந்து, சாந்தம்மா கணவரின் இடத்தில் கூட்டாளியாகி, பட்டறை தொடர்ந்து நடந்தது என்று நான் சொன்னால் உங்களுக்கு மகிழ்ச்சியாக இருக்கும். அப்படி நடக்கவில்லை. செல்வம் கேட்டார்தான். "மதினி, அவன் பங்கு உங்களுக்கு. நீங்க கையெழுத்து மட்டும் போட்டா போதும்." சாந்தம்மா யோசித்துச் சொன்ன பதில் எனக்கு நினைவிருக்கிறது.

"எனக்குப் பூ தெரியும் தம்பி. பூ விலை ஏறினாலும் எறங்கினாலும் ஏன்னு தெரியும். இரும்புல எனக்கு ஒண்ணும் தெரியாது. தெரியாத வேலையில கையெழுத்துப் போட்டா, அப்புறம் உன்மேல சந்தேகம்தான் வரும். வேணாம்."

அதைவிடத் தெளிவாக நானும் சொல்லியிருக்க முடியாது. பங்கைக் கணக்குப் பார்த்துப் பிரித்துக்கொண்டார்கள். அதில் இன்னொரு பசுமைக்குடில் போடுவதென்று அவர் முடிவு செய்தார். செல்வம் மீதி இயந்திரங்களைத் தன் பங்குக்கு எடுத்துக்கொண்டு, ஓசூர் பக்கம் ஒரு வாடகை ஷெட் பார்த்தார். வாரிசாகக் கணக்கைத் தொடர்வது மட்டும்தான் நல்ல முடிவு என்று நினைத்து யாரையும் தள்ளாதீர்கள். கடன் தீர்ந்து, சம்பளம் கொடுத்து, பங்கு பிரித்து, ஒரு கணக்கு மூடப்படுவதும் நல்ல முடிவுதான்.

மூடிய அன்று மூவரும் கிளைக்கு வந்தார்கள். என் அறையில் நாற்காலி போதவில்லை. செல்வம் வழக்கம்போல நிற்கப் பார்த்தார்; வெங்கடப்பா அவர் தோளைப் பிடித்துத் தன் பக்கத்தில் உட்காரவைத்தார். நிலத்துப் பத்திரங்களை நான் எடுத்துக் கொடுத்தேன். வெங்கடப்பா ஒவ்வொரு பக்கமாகப் புரட்டிப் பார்த்து, துண்டில் சுற்றி மடியில் வைத்துக்கொண்டார். சாந்தம்மா தன் பங்கைப் பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்துப் போட்டார். கணக்கு முடிந்தது.

செல்வத்துக்குத் தன் பெயரில் தொடங்கப்போகும் பட்டறைக்கு ஒரு புதுக் கணக்கு வேண்டும். படிவத்தை அங்கேயே நிரப்பிக்கொண்டிருந்தார். மேசை ஓரத்தில் அதை எட்டிப் பார்த்த வெங்கடப்பா, நிறுவனத்தின் பெயர் எழுதிய கட்டத்தில் விரலை வைத்தார்.

பழைய நிறுவனத்துக்கு, இருவர் பெயரின் முதல் எழுத்துகளையும் சேர்த்துப் பெயர் வைத்திருந்தார்கள். நாகராஜுக்கு 'என்', செல்வத்துக்கு 'எஸ்'. புதிய படிவத்தில் செல்வம் 'எஸ்' மட்டும் போட்டிருந்தார்.

"இன்னாப்பா, என் தம்பி எழுத்தைக் காணோம்?"

செல்வம் பேனாவைக் கீழே வைத்தார். "நீங்க வேணாம்பீகன்னு நெனச்சேன் அண்ணே. கூட்டுதான் இல்லையே. உங்ககிட்டக் கேக்க எனக்கு வாய் வரல."

வெங்கடப்பா சாந்தம்மாவைப் பார்த்தார். அவர் தலையை அசைத்தார்.

"போடு," என்றார் வெங்கடப்பா. "முன்னாடி எப்படி இருந்துச்சோ அப்படியே. அவன் எழுத்து முதல்ல."

செல்வம் 'எஸ்' எழுத்துக்கு முன்னால் இடுக்கில் எப்படியாவது எழுதிவிடப் பார்த்தார். இடம் போதவில்லை. அடித்துத் திருத்திய படிவத்தை நாங்கள் வாங்குவதில்லை. இழுப்பறையைத் திறந்து ஒரு புதுப் படிவத்தை எடுத்து அவரிடம் நீட்டினேன்.